நகல் வரவில்லை

அருணா மேடத்தைக் கோர்ட்டில் கொண்டுபோய் நிறுத்தியது யார் என்று கேட்டால் ஆளுக்கொரு பதில் சொல்வார்கள். வக்கீல் என்பார்கள், மேலதிகாரிகள் என்பார்கள், அந்த அம்மாளுக்கு நேரம் சரியில்லை என்பார்கள். இருதயராஜைக் கேட்டால் "நான்தாங்க" என்பார். கட்டிய சுவரை ரசமட்டம் வைத்துப் பார்ப்பதுபோல இதையும் எத்தனையோ முறை பார்த்துவிட்டார். கோணல் அவர் பக்கம்தான் இருக்கிறது. இத்தனைக்கும் அவர் அந்த அம்மாளைப் பற்றிப் பொல்லாங்காக ஒரு வார்த்தை சொன்னதில்லை. நல்லதாக நாலு வார்த்தை சொன்னார். வினை அதில்தான் வந்தது.

திண்டிவனத்தில் இருந்து மரக்காணம் போகிற சாலையை ஒட்டி முருகையன் என்பவருக்கு நிலக்கடலை விளைகிற மல்லாட்டைக் கொல்லை ஒன்று இருந்தது. பிள்ளைகள் விவசாயம் வேண்டாம் என்றதும் அதை மனை போட்டு விற்றார். சாலையைப் பார்த்த மனைகளை வசதி உள்ளவர்கள் வாங்கினார்கள். பின்பக்கம், வாய்க்கால் ஓரம், ஒரு வண்டி போனால் எதிர் வண்டி நிற்கவேண்டிய சந்தில் மூன்றரை சென்ட் மிச்சம் கிடந்தது. அதை இருதயராஜ் வாங்கினார். இருதயராஜ் கொத்தனார். அவர் மனைவி ஜெயம் அவரோடு சித்தாள் வேலைக்குப் போகிறவர். ஊரில் பாதி வீட்டுக்கு இந்த இரண்டு பேரும் கல்லும் கலவையும் தூக்கியிருக்கிறார்கள், குடியிருப்பது மட்டும் வாடகைக்கு. அதனால் மூன்றரை சென்ட் என்பது அவர்களுக்கு மூன்றரை சென்ட் அல்ல.

பத்திரம் பதிவு செய்யப் போனபோதுதான் அரசாங்கத்தின் கணக்கு வேறு என்று தெரிந்தது. ஒரு சர்வே எண்ணுக்கு ஒரே மதிப்பு என்று அவர்கள் புத்தகத்தில் போட்டிருக்கிறது. முன்பக்கம் தார்ச்சாலையைத் தொடுவதால் பின்பக்கச் சந்துக்கும் தார்ச்சாலை விலைதானாம். அந்த விலைக்கு முத்திரைக் கட்டணம் கட்டு என்றார்கள். அவர்கள் கேட்ட கூடுதல் கட்டணத்துக்கு ஜெயத்தின் காதிலும் கழுத்திலும் கிடந்ததை எல்லாம் கழற்றினாலும் தேறாது. கட்டாததால் பத்திரம் பதிவாகியும் கைக்கு வரவில்லை, ரிஜிஸ்டர் ஆபீஸ் பீரோவில் படுத்துக்கொண்டது. பத்திரம் இல்லாமல் பட்டா இல்லை, பட்டா இல்லாமல் வீடு கட்டுகிற அரசாங்க உதவி இல்லை. ஆசையில் அவசரப்பட்டு எழுப்பிய பேஸ்மட்டம் அப்படியே நின்றது. கம்பிகள் துருப்பிடித்து, மழைத் தண்ணீர் தேங்கி, அதில் தவளை சத்தம் கேட்டது.

அந்த ரிஜிஸ்டர் ஆபீஸ் எது என்று நான் சொல்லப்போவதில்லை. சுற்றுவட்டாரத்தில் அப்படிப்பட்டவை நாலைந்து இருக்கின்றன, எதை நினைத்துக்கொண்டாலும் பெரிய பிசகு இல்லை. அருணா அங்கே சப் ரிஜிஸ்ட்ராராக வந்தது பத்திரம் பீரோவுக்குள் போன பிறகு. பிடித்து வைத்தவர் வேறொருவர், மாற்றலாகிப் போய்விட்டார். அருணா விழுப்புரத்திலிருந்து தினமும் ரயிலில் வந்துபோனார். யார் வாங்கித் தந்தாலும் டீ குடிக்கமாட்டார். முதல் வாரத்தில் யாரோ பை நிறைய மல்லாட்டை கொண்டுவந்து வைத்தபோது அதை அவர்கள் கையாலேயே திரும்ப எடுத்துப்போகச் சொன்னார். ஆபீஸில் இருந்தவர்களுக்கு அதில் கொஞ்சம் வருத்தம்தான்.

இருதயராஜ் மனு எழுதிக்கொண்டு போனபோது, ஒரு வெயில் நாளில் அந்த அம்மாளே சந்துவரை நடந்து வந்து மனையைப் பார்த்தார். பார்த்துவிட்டு, இது தார்ச்சாலை விலை போகிற இடம் இல்லை, ஆனால் குறைக்கிற அதிகாரம் தனக்கு இல்லை, மேலே எழுதினாலும் வருஷக்கணக்கில் கிடக்கும், ஹைகோர்ட்டுக்குப் போவதுதான் வழி என்றார். அரசாங்க நாற்காலியில் உட்கார்ந்துகொண்டு அரசாங்கத்தின் மேல் கேஸ் போடச் சொன்ன ஆளை இருதயராஜ் அதற்கு முன்னால் கண்டதில்லை.

விழுப்புரத்துக்காரர் கோகுலகிருஷ்ணன் என்ற வக்கீல் சென்னையில் கேஸ் நடத்தினார். தீர்ப்பு இருதயராஜுக்குச் சாதகமாக வந்தது. சந்துக்குச் சந்து விலைதான், நகல் கிடைத்த நாளிலிருந்து நான்கு வாரத்துக்குள் பத்திரத்தைத் திருப்பிக் கொடு என்று ஜட்ஜ் எழுதிவிட்டார். ஜெயம் அன்றைக்கே மாதாகோயிலில் மெழுகுவத்தி ஏற்றிவிட்டு வந்தார். சாமி வரம் கொடுத்தாலும் பூசாரி கொடுக்கவேண்டும் என்பது அப்போது அவருக்கு நினைவில் இல்லை.

'நகல் கிடைத்த நாளிலிருந்து' என்று ஜட்ஜ் எழுதுகிறாரே, அங்கேதான் பூசாரிகளின் சாமர்த்தியம் எல்லாம் இருக்கிறது. நகல் கிடைத்தால்தானே நாள் ஓடும். அதனால் ஆபீஸ்களில் பழைய ஆட்கள் புதிய ஆட்களுக்கு முதலில் சொல்லித்தருவது இதைத்தான். யார் வந்து கேட்டாலும், ஆர்டர் காப்பி இன்னும் வரலைங்க. வக்கீல் தபாலில் அனுப்பினாரே என்றால் அது செல்லாது, முறைப்படி கோர்ட்டிலிருந்து வரவேண்டும். முறைப்படி வந்துவிட்டதே என்றால் வந்திருக்கலாம், இந்த செக்ஷனுக்கு வரவில்லை. நல்ல மழையிலும் இதைவிடப் பெரிய குடை கிடையாது. அந்தக் குடைக்குக் கீழே நின்று நனையாமல் ரிட்டயர் ஆனவர்கள் எத்தனையோ பேர்.

நான்கு வாரம் கழித்து இருதயராஜ் போய் நின்றார். அருணா அவரை உட்காரச் சொன்னார். பக்கத்தில் இருந்த ஃபைலைத் திறந்து, ஆங்கிலத்தில் இருந்த அந்தக் காகிதத்தை அவர் பக்கம் திருப்பிக் காட்டினார். மேலே ஓரத்தில் ஊதா மையில் தேதி முத்திரை பளிச்சென்று இருந்தது.

"வந்துடுச்சுங்க கொத்தனாரே. வந்த அன்னிக்கே நான்தான் சீல் போட்டேன்" என்றார். "பத்திரத்தைக் குடுக்கக்கூடாதுன்னு மேலேருந்து போன்ல சொல்லிட்டாங்க. அப்பீல் போறாங்களாம். எழுத்துல குடுங்கன்னு கேட்டேன், குடுக்கல. உங்களை அலைய வெச்சு ஏமாத்த எனக்கு மனசு வரல. வக்கீல்கிட்ட சொல்லி ஆவறதைப் பாருங்க."

இருதயராஜ் கையெடுத்துக் கும்பிட்டுவிட்டு வந்தார். பத்திரம் வரவில்லை, ஆனாலும் மனம் நிறைந்திருந்தது. தாலுக்கா ஆபீஸ், பிடிஓ ஆபீஸ், கரண்டு ஆபீஸ் என்று அவர் ஏறி இறங்காத படி இல்லை. எங்கேயும் ஒருவர் அவரை உட்காரவைத்து உள்ளதை உள்ளபடி சொன்னதில்லை. வீட்டுக்கு வந்து ஜெயத்திடம் நடந்ததைப் பெருமையாகச் சொன்னார். ஜெயம் அரிசி களைந்துகொண்டிருந்தார்.

"பத்திரத்த வாங்கிக்கினு வான்னு அனுப்பனா, உண்மைய வாங்கிக்கினு வந்து நிக்கிற" என்றார் ஜெயம். "அத்த வச்சி காங்கிரீட்டு போட முடியுமா?"

சொல்லிவிட்டாலும் ஜெயத்துக்கும் அந்த அம்மாள்மேல் மரியாதை வந்துவிட்டது. அந்த வாரம் சித்தாள் வேலைக்கு வந்த பெண்களிடம் எல்லாம் அதைச் சொன்னார். இருதயராஜ் டீக்கடையில் சொன்னார், பத்திரம் எழுதுகிறவர்களிடம் சொன்னார், பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்தவரிடம் சொன்னார். அருணா மேடம் வாயில் பொய் வராது என்பது திண்டிவனத்திலிருந்து விழுப்புரம்வரை பரவியதில் இருதயராஜின் பங்கு கணிசமானது.

கோகுலகிருஷ்ணன் கோர்ட் அவமதிப்பு வழக்குப் போட்டுவிடலாம் என்றார். ஆர்டர் இருந்தும் கொடுக்கவில்லை என்றால் அடுத்த படி அதுதான். அவர் காகிதத்தைத் தயார் செய்து வாசித்துக் காட்டியபோது, எதிர்மனுதாரர் என்ற இடத்தில் அருணாவின் பெயர் இருந்தது. அப்பா பெயரின் முதலெழுத்தோடு, பதவியோடு, முழுப்பெயர். இருதயராஜுக்குப் பகீர் என்றது. போன கேஸ் அரசாங்கத்தின் மேல்தானே போட்டோம், இதையும் அப்படியே போடக்கூடாதா என்று கேட்டார்.

"கவர்மெண்டை ஜெயில்ல போட முடியாதுங்களே" என்றார் வக்கீல். "ஆளைத்தான் போட முடியும். அதனால ஆளு பேர்லதான் கேஸ். ஒண்ணும் பயப்படாதீங்க, மன்னிப்புக் கேட்டா முடிஞ்சுடும்."

வக்கீல் சொன்னதில் பொய் இல்லை. அவர் கெட்ட மனிதரும் இல்லை, பாதி ஃபீஸை வீடு கட்டியபிறகு கொடுங்கள் என்று சொன்னவர். ஆனால் இருதயராஜுக்கு மனம் ஆறவில்லை. அந்தப் பெயரைப் பார்க்கிற ஜட்ஜ் அதை யாரோ லஞ்சப் பேர்வழி என்று நினைத்துவிட்டால்? தப்பு மேலே இருக்கிறது என்பதும் அம்மா நல்லவர் என்பதும் ஜட்ஜுக்குத் தெரியவேண்டாமா? நடுவீட்டுப் பஞ்சாயத்தில் ஒருவரைப் பற்றிப் புகார் சொல்லும்போது அவரிடம் உள்ள நல்லதையும் சேர்த்துச் சொல்வது அவர்கள் தெருவில் வழக்கம். சொன்னால் பெரியவர்கள் கோபம் தணிந்து பேசுவார்கள். ஹைகோர்ட்டும் கொஞ்சம் பெரிய பஞ்சாயத்துதானே என்று அவர் எண்ணினார்.

"சார், அந்தம்மா இன்னா சொன்னாங்களோ அத்த அப்படியே எழுதிடுங்க" என்றார். "ஆர்டரு வந்துடுச்சின்னு மறைக்காம சொன்னாங்க, மேலேருந்து குடுக்கக்கூடாதுன்னு சொல்லிட்டாங்கன்னும் சொன்னாங்க. ஜட்ஜய்யா அத்தப் படிச்சா அவங்க மேல கோவப்படமாட்டாரு."

கோகுலகிருஷ்ணன் நிமிர்ந்து உட்கார்ந்தார். தேதியைக் கேட்டார், நேரத்தைக் கேட்டார், யார் கூட இருந்தார்கள் என்று கேட்டார். பிறகு எழுதச் சொன்னார். அவருடைய ஜூனியர் பையன் பிரவீன்குமார் கம்ப்யூட்டரில் தட்டிக்கொண்டே, இந்த ஒரு பாரா போதும் சார் என்று சொன்னது இருதயராஜ் காதில் விழுந்தது. நல்லதுக்குத்தான் போதும் என்கிறார்கள் என்று எடுத்துக்கொண்டு கையெழுத்துப் போட்டார். பிள்ளையார் பிடிக்கக் குரங்காய் முடிந்த கதை அந்த மேசையில்தான் நடந்தது.

அவமதிப்பு என்றால் ஆர்டரை மதிக்காமல் போவது மட்டும் இல்லை. தெரிந்தே, வேண்டுமென்றே மதிக்காமல் போகவேண்டும். நகல் வரவில்லை என்றவரைப் பிடிக்க முடியாது, தெரியாது என்றுவிடுவார். வந்துவிட்டது, ஆனால் கொடுக்கமாட்டேன் என்று தன் வாயால் சொன்னவர் தப்பிக்க வழியே இல்லை. இது இருதயராஜுக்குத் தெரியாது. அருணாவுக்குத் தெரியும். தெரிந்துதான் சொன்னார் என்பதை நினைத்தால் எனக்கு இன்றைக்கும் ஆச்சரியமாக இருக்கிறது.

கோர்ட்டில் ஆஜராகவேண்டிய நாளன்று இருதயராஜ் திண்டிவனத்தில் காலை ரயில் ஏறினார். வரவேண்டியதில்லை என்று வக்கீல் சொல்லியிருந்தும், அம்மாவுக்குத் துணையாக ஒரு ஆள் இருக்கட்டும் என்று போனார். பெட்டிக்குள் நுழைந்தால் ஜன்னல் ஓரத்தில் அருணா உட்கார்ந்திருந்தார். விழுப்புரத்திலேயே ஏறியிருந்தார். இருதயராஜ் வந்த வழியே திரும்பப் பார்த்தார். அதற்குள் அருணா பையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டு எதிரில் இடம் காட்டினார்.

கேஸ் போட்டவரும் கேஸில் மாட்டியவரும் எதிரெதிரே உட்கார்ந்து மேல்மருவத்தூர்வரை போனார்கள். அதற்குமேல் இருதயராஜால் அடக்கிவைக்க முடியவில்லை.

"அம்மா, ஒங்களப் பத்தி நல்லபடியாத்தான் எழுதச் சொன்னேன்" என்றார்.

"படிச்சேங்க" என்றார் அருணா.

அவ்வளவுதான் சொன்னார். இருதயராஜ் அந்தப் பதிலில் ஆறுதல் அடைந்தார். எனக்கென்னவோ அந்த அம்மாள் அப்போதே விளக்கிச் சொல்லியிருக்கலாம் என்று தோன்றும். சொல்லியிருந்தால் அவர் செங்கல்பட்டில் இறங்கி வக்கீலுக்குப் போன் போட்டு அந்தப் பாராவை எடுக்கச் சொல்லிக் கெஞ்சியிருப்பார். அருணா அதை விரும்பவில்லை. மடியில் இருந்த டப்பாவைத் திறந்து எலுமிச்சம்பழச் சாதத்தில் பாதியை மூடியில் வைத்து அவரிடம் நீட்டினார். யாரிடமும் டீ வாங்கிக் குடிக்காதவர் கொடுத்த சாதம். இருதயராஜ் மறுக்காமல் சாப்பிட்டார்.

கோர்ட் வராந்தாவில் அருணாவைச் சுற்றி ஆபீஸ்காரர்கள் நின்றார்கள். அரசாங்க வக்கீல் அவரை ஓரமாக அழைத்துப்போய் எதையோ திரும்பத் திரும்பச் சொன்னார். நகல் தாமதமாக வந்தது, மனுதாரரிடம் அப்படி எதுவும் பேசவில்லை, அவர் படிக்காதவர், தவறாகப் புரிந்துகொண்டார் என்று சொல்லிவிடுங்கள் என்றாராம். பிரவீன்குமார் இதைக் கேட்டுக்கொண்டு வந்து இருதயராஜிடம் சொன்னான். அப்போதுதான், வராந்தாவில் வைத்து, அந்தப் பாரா என்ன வேலை செய்யும் என்பதையும் சேர்த்துச் சொன்னான். இருதயராஜ் அருணா நின்ற பக்கம் திரும்பினார். அந்த வக்கீல் சொல்கிறபடியே சொல்லிவிடுங்கள் அம்மா, என்னைப் படிக்காதவன் என்று சொல்லுங்கள், உளறுகிறான் என்று சொல்லுங்கள் என்று ஓடிப்போய்ச் சொல்லத் தோன்றியது. அதற்குள் உள்ளே கூப்பிட்டுவிட்டார்கள்.

கடைசி வரிசையில் உட்கார்ந்து பார்த்தார். எல்லாம் ஆங்கிலத்தில் நடந்தது. நடுவில் ஜட்ஜ் கண்ணாடியைக் கழற்றிவிட்டு அருணாவிடம் நேராகத் தமிழில் கேட்டார்.

"மனுதாரர்கிட்ட நீங்க இப்படிச் சொன்னதா எழுதியிருக்கார். உண்மையாம்மா?"

அரசாங்க வக்கீல் தலையைத் திருப்பி அருணாவைப் பார்த்தார். இருதயராஜ் மனதுக்குள் மாதாவைக் கும்பிட்டு, இல்லை என்று சொல்லவையும்மா என்று வேண்டிக்கொண்டார். ஒருவர் பொய் சொல்லவேண்டும் என்று அவர் வாழ்க்கையில் வேண்டிக்கொண்டது அது ஒரு முறைதான்.

"உண்மைங்க ஐயா" என்றார் அருணா.

கொடுக்கவேண்டாம் என்று சொன்னது யார் என்று ஜட்ஜ் கேட்டார். அருணா பக்கத்தில் நின்ற மேலதிகாரியைப் பார்த்தார். அவர் கையிலிருந்த ஃபைலின் கயிற்றை அவிழ்த்துக் கட்டிக்கொண்டிருந்தார். அப்படி எந்த உத்தரவும் போகவில்லை என்று அவருக்காக அரசாங்க வக்கீல் சொன்னார். எழுத்தில் இருக்கிறதா என்று ஜட்ஜ் கேட்டார். இல்லைங்க ஐயா என்றார் அருணா. எய்தவன் அங்கேயே நின்றுகொண்டிருக்க அம்பு மட்டும் கைகட்டி நின்றது. பிறகு எல்லோரும் சொல்லித்தந்த அந்த நிபந்தனையற்ற மன்னிப்பை அருணா கேட்டார். மன்னிப்பு ஜட்ஜிடம் கேட்கப்பட்டது, ஜட்ஜ் ஏற்றுக்கொண்டார். உண்மையை ஒப்புக்கொண்டதால் ஜெயில் வேண்டாம் என்றார். தெரிந்தே உத்தரவை மீறினார் என்பதைப் பதிவு செய்து, துறை நடவடிக்கை எடுக்கட்டும் என்றும், சொந்தக் கையிலிருந்து ஒரு தொகை கட்டட்டும் என்றும், இரண்டு நாளில் பத்திரம் கொடுக்கப்படவேண்டும் என்றும் எழுதினார். இருதயராஜ் எழுந்து ஏதோ சொல்லப்போனார். பிரவீன்குமார் சட்டையைப் பிடித்து உட்காரவைத்தான்.

நாம் ஜெயித்துவிட்டோம் என்று கோகுலகிருஷ்ணன் கையைப் பிடித்துக் குலுக்கினார். இருதயராஜுக்கு அழுகை வந்தது. வக்கீல் அதை ஆனந்தக் கண்ணீர் என்று நினைத்தார்.

பத்திரம் சொன்னபடி வந்தது. அன்று அருணா லீவில் இருந்தார், கிளார்க் எடுத்துக் கொடுத்தார். அப்பீல் என்று சொன்னது அதற்குப் பிறகு பேச்சிலேயே இல்லை. பட்டா மாறியது, உதவித்தொகை வந்தது, பேஸ்மட்டத்துத் தவளைகளை விரட்டிவிட்டுச் சுவர் எழுந்தது. அருணாவுக்குச் சார்ஜ் மெமோ போனதும், அந்த வருஷம் வரவேண்டிய புரமோஷன் லிஸ்டில் அவர் பெயர் விட்டுப்போனதும், விழுப்புரம் பக்கத்தில் ஒரு சின்ன ஆபீஸுக்கு அவரைத் தூக்கிப் போட்டதும் பத்திரம் எழுதுகிறவர்கள் மூலம் இருதயராஜுக்குக் கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிந்தது. ஒவ்வொன்று தெரிந்த அன்றும் அவர் சீக்கிரமே வேலையை நிறுத்திவிட்டு வந்து சாப்பிடாமல் படுத்தார்.

வீடு முடிந்து புதுமனைப் புகுவிழாப் பத்திரிகை அடித்து வந்தபோது, முதல் பத்திரிகை பங்குச் சாமியாருக்கு என்றார் இருதயராஜ். ஜெயம் ஒப்புக்கொள்ளவில்லை.

"மொத பத்திரிக அந்தம்மாவுக்கு" என்றார். "போயி கால்ல வுழுந்தாலும் சரி, இன்னா பண்ணாலும் சரி, மன்னிப்பு கேட்டுட்டுதான் வரணும். அவங்க வராம இந்த ஊட்ல பால் காய்ச்சக்கூடாது."

இருதயராஜ் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு விழுப்புரம் பஸ் ஏறினார். அந்தச் சின்ன ஆபீஸ் ஒரு வாடகைக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் இருந்தது. அருணா அவரைப் பார்த்ததும் அடையாளம் கண்டுகொண்டு உட்காரச் சொன்னார். முகம் இளைத்திருந்தது, தலையில் நரை தெரிந்தது. பத்திரிகையை இரண்டு கையாலும் வாங்கி, முழுவதும் படித்து, ஜெயத்தின் பெயரை ஒருமுறை வாய்விட்டுச் சொன்னார். எத்தனை ரூம், மாடிப்படி வெளியிலா உள்ளேயா என்று கேட்டார். இருதயராஜ் பதில் சொன்னார். பிறகு வழியெல்லாம் சேர்த்து வைத்திருந்ததைச் சொன்னார்.

"என்னாலதாம்மா எல்லாம். என்ன மன்னிச்சிடுங்க."

"நீங்க என்னங்க பண்ணீங்க, நல்லதுதான சொன்னீங்க" என்றார் அருணா. "நான் சொன்னதுதான் தப்பு கொத்தனாரே. எல்லாரும் சொல்றதை நானும் சொல்லியிருந்தா உங்களுக்கும் நாலு மாசம் தள்ளிக் கெடச்சிருக்கும், எனக்கும் ஒண்ணும் ஆயிருக்காது."

கோபமாகச் சொல்லவில்லை. கணக்குப் போட்டுப் பார்த்து விடை சரியாக வந்ததுபோலச் சொன்னார். கோபமாகச் சொல்லியிருந்தால் இருதயராஜ் தாங்கியிருப்பார்.

அப்போது ஆபீஸ் உதவியாளர் அன்றைய தபாலைக் கொண்டுவந்தார். ஒரு பழுப்பு உறையைப் பிரித்து, மேடம், அஞ்சம்மாள் கேஸ் ஹைகோர்ட் ஆர்டர் வந்திருக்கிறது, சீல் போடட்டுமா என்று கேட்டு முத்திரைக் கட்டையை மைப்பெட்டியில் ஒற்றினார். அருணா காகிதத்தை வாங்கி முதல் பக்கத்தையும் கடைசிப் பக்கத்தையும் பார்த்தார்.

"சீல் வேணாம்" என்றார். "பீரோவுல வைங்க. நான் சொல்றேன்."

பீரோ திறந்து மூடிய சத்தம் கேட்டது. அருணா பத்திரிகையை மறுபடியும் எடுத்து, விழா எந்தக் கிழமை என்று பார்த்தார். கட்டாயம் வரப் பார்க்கிறேன் என்றார்.

இருதயராஜ் எழுந்துகொள்வதற்குள் வயதான ஒரு அம்மாள் மஞ்சள் பையோடு வாசலில் வந்து நின்றார். அவர்தான் அஞ்சம்மாள். அண்ணன் தனக்கு எழுதிவைத்த அரை ஏக்கர், அதே கட்டணத் தகராறு, அதே பீரோ. கோர்ட்டில் ஜெயித்து ஒரு மாதம் ஆகிறதாம். பையிலிருந்து வக்கீல் கொடுத்த ஜெராக்ஸை எடுத்து மேசைமேல் வைத்து, ஆர்டர் வந்துவிட்டதா தாயி என்று கேட்டார்.

அருணா அந்த ஜெராக்ஸைத் தொடவில்லை.

"இன்னும் வரலம்மா" என்றார். "கோர்ட்லேருந்து முறைப்படி வரணும். வந்தா சொல்லி அனுப்பறேன்."

சொல்லும்போது அவர் அஞ்சம்மாளைத்தான் பார்த்தார். இருதயராஜ் பக்கம் திரும்பவில்லை. இருதயராஜ் தரையைப் பார்த்துக்கொண்டு கும்பிட்டுவிட்டு வெளியே வந்தார். அந்த அம்மாளுக்குப் போன புரமோஷன் என்றைக்காவது திரும்பி வரலாம். போனது அது மட்டும் இல்லை என்று அப்போதுதான் அவருக்குத் தெரிந்தது. தன் வீட்டுச் சுவர் எதன்மேல் நிற்கிறது என்று நினைத்தபோது அவருக்கு வெட்கமாக இருந்தது.

பஸ் நிறுத்தத்துக்கு வந்தபோது பின்னாலேயே அஞ்சம்மாளும் வந்து சேர்ந்தார். திருவாமாத்தூர் போகவேண்டும், நடக்க முடியவில்லை, மூச்சு வாங்குகிறது என்றார். உள்ளே உட்கார்ந்திருந்தது நீதானே, உனக்கு அவங்களைத் தெரியுமா என்று கேட்டார். தெரியும் என்றார் இருதயராஜ்.

"மத்த ஆபீசுல சொன்னா நான் நம்பமாட்டேன் தம்பி. பேஜாரு புடிச்ச பசங்க, வந்தத வரலம்பாங்க" என்றார் அஞ்சம்மாள். "இந்தம்மா பொய்யே சொல்லாதாமே. திண்டிவனத்துல யாரோ ஒரு கொத்தனாருக்காக கோர்ட்டு வரைக்கும் போயி உண்மைய சொன்னாங்களாமே. அப்ப நெசமாலுமே காப்பி வரலதான?"

இருதயராஜ் அவரைப் பார்த்தார். வந்துவிட்டது என்று சொன்னால் இந்த அம்மாள் அதை அப்படியே வக்கீலிடம் போய்ச் சொல்வார். வக்கீல் நேரம் கேட்பார், தேதி கேட்பார், கூட யார் இருந்தது என்று கேட்பார். ஒரு பாரா போதும் என்பார். வரவில்லை என்று சொன்னால் இந்த உடம்பை வைத்துக்கொண்டு இவர் இன்னும் எத்தனை தடவை வரவேண்டுமோ. திருவாமாத்தூர் பஸ் திருப்பத்தில் ஹாரன் அடித்தது.

"வரலம்மா" என்றார் இருதயராஜ்.

"நீ சொன்னா சரிதான்" என்றார் அஞ்சம்மாள். ஜெராக்ஸை நாலாக மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, அவர் கையைப் பிடித்துப் படியேறி, டிரைவருக்குப் பின்னால் இருந்த சீட்டில் போய் உட்கார்ந்தார்.